கிளைக்கான் என்பதும் பாலிசாக்கரைடு என்பதும் ஒன்றுதானா?

அரும்புமலர்

எல்லோருக்கும் வணக்கம். முதுகலை உயிர்வேதியியல் முதலாண்டு படிக்கிறேன். வெள்ளிக்கிழமை எனக்குச் செமினார், தலைப்பு ‘கிளைக்கான்கள்’. முதல் ஸ்லைடிலேயே நின்றுவிட்டேன். ஒரு புத்தகம் கிளைக்கானும் பாலிசாக்கரைடும் ஒரே பொருள் தரும் சொற்கள் என்கிறது. இன்னொன்று, புரதத்தின் மேல் ஒட்டியிருக்கும் ஐந்தாறு சர்க்கரைகளையே கிளைக்கான் என்கிறது. ஐந்தாறு சர்க்கரை எப்படிப் பாலிசாக்கரைடு ஆகும்? எங்கள் மேடம் வரையறையில் பிடி பிடிப்பவர், அதனால் சரியாகத் தெரிந்துகொண்டு போக வேண்டும். உதவுங்கள்.

கரிமம்12

வேதியியல் பக்கத்திலிருந்து சொல்கிறேன் அம்மா. வேதிப் பெயர்களுக்கு விதி வகுக்கும் உலக அமைப்பான ஐயூபாக் விதிப்படி இரண்டும் ஒன்றுதான். நிறைய ஒற்றைச் சர்க்கரைகள் கிளைக்கோசிடிக் பிணைப்பால் கோத்து நிற்கும் பெரிய மூலக்கூறு பாலிசாக்கரைடு. அதற்கு இன்னொரு பெயர் கிளைக்கான். பத்துக்கு மேல் சர்க்கரைகள் இருந்தால்தான் அந்தச் சொல்லைப் பொதுவாகப் பயன்படுத்துவார்கள். சில பாடநூல்கள் இருபதுக்கு மேல் என்று கோடு போடும். அந்தக் கோட்டுக்குக் கீழே இருப்பதெல்லாம் ஆலிகோசாக்கரைடு.

‘ஆன்’ (-an) என்ற முடிவு வீணாக வந்ததில்லை. குளுக்கோஸ் மட்டும் கோத்தால் குளுக்கான், மேனோஸ் கோத்தால் மேனான், சைலோஸ் என்றால் சைலான், ஃப்ரக்டோஸ் என்றால் ஃப்ரக்டான். எந்தச் சர்க்கரை என்று குறிப்பிடாமல் பொதுவாகச் சொன்னால் கிளைக்கான். ஒரே வகைச் சர்க்கரை என்றால் ஹோமோகிளைக்கான், கலந்து இருந்தால் ஹெட்டிரோகிளைக்கான்.

நம் மாணவர்கள் காதில் ‘கிளை’ என்று விழுவதால் கிளைவிட்ட மூலக்கூறு மட்டுமே கிளைக்கான் என்று நினைத்துக்கொள்கிறார்கள். அப்படி இல்லை. செல்லுலோஸில் ஒரு கிளைகூடக் கிடையாது, அதுவும் கிளைக்கான்தான்.

குருதிமுனை

மன்னிக்கணும் சார், ரத்த வங்கியில் வேலை பார்க்கிறேன், அங்கே இந்தக் கணக்கு செல்லாது. ஒருவருக்கு ஏ பிரிவா, பி பிரிவா என்பதை முடிவு செய்வது சிவப்பணு மேல் உள்ள சர்க்கரைச் சங்கிலியின் நுனி. அந்த நுனியில் கேலக்டோஸ், அதன் மேல் ஃப்யூகோஸ் ஒன்று இருந்தால் அது ஹெச் ஆன்டிஜென், அதாவது ஓ பிரிவுக்காரரிடம் இருப்பது. அந்தக் கேலக்டோஸில் கூடுதலாக என்-அசிட்டைல்கேலக்டோசமின் ஒன்று சேர்ந்தால் ஏ. அதற்குப் பதில் சாதாரணக் கேலக்டோஸ் சேர்ந்தால் பி. மூன்றே சர்க்கரைகள். அதில் ஒன்று மாறினால் ஆளே போய்விடுவார். இதைக் கிளைக்கான் என்றுதான் எல்லாக் கட்டுரையிலும் எழுதுகிறார்கள். யாரும் பாலிசாக்கரைடு என்று எழுதிப் பார்த்ததில்லை.

இன்னொன்றும் சொல்கிறேன், செமினாரில் பயன்படும். ஏ பிரிவுக்குள் ஏ1, ஏ2 என்று உட்பிரிவு உண்டு. அதைப் பிரிக்க நாங்கள் பயன்படுத்தும் ரீஏஜென்ட் கொள்ளு விதையிலிருந்து எடுத்த லெக்டின். பாட்டிலில் டோலிகோஸ் பைஃப்ளோரஸ் என்று தாவரப் பெயர் இருக்கும். அந்தப் புரதம் என்-அசிட்டைல்கேலக்டோசமினைத் தேடிப் பிடிக்கும். ஸ்லைடில் ஒரு துளி அணுக்கரைசல், ஒரு துளி லெக்டின், குச்சியால் கலக்கி மெதுவாகச் சாய்த்துப் பார்த்தால் ஏ1 அணுக்கள் திரிதிரியாகக் கட்டிக்கொள்ளும். ஏ2 வழவழவென்று அப்படியே நிற்கும்.

பம்பாய் வகை என்ற அரிய ரத்தப் பிரிவும் இதே கதைதான். 1952-இல் மும்பையில் டாக்டர் ஒய். எம். பெண்டேயும் உடனிருந்தவர்களும் அறிவித்தது. அவர்களுக்கு அந்த ஃப்யூகோஸே இல்லை. மேலோட்டமாகச் சோதித்தால் ஓ பிரிவு மாதிரியே தெரியும், ஆனால் ஓ ரத்தம் ஏற்றினால் உடல் அதைத் தாக்கும். அவர்களுடைய சீரத்தில் ஹெச்சுக்கு எதிரான ஆன்டிபாடி இருக்கிறது. அதனால்தான் சீரத்தை ஓ அணுக்களோடும் வைத்துப் பார்க்கும் ரிவர்ஸ் குரூப்பிங்கை விடக் கூடாது என்று புதிதாக வருகிறவர்களுக்குத் திரும்பத் திரும்பச் சொல்கிறேன்.

கரிமம்12

எடுத்துக்காட்டு அருமை தம்பி. ஆனால் அதற்குத்தான் ட்ரைசாக்கரைடு என்று துல்லியமான சொல் இருக்கிறதே? மூன்று சர்க்கரைக்கும் கிளைக்கான், மூவாயிரம் சர்க்கரைக்கும் கிளைக்கான் என்றால் அந்தச் சொல் எதைத்தான் சொல்கிறது?

புரதக்கூடம்

அளவைச் சொல்வதற்காக வந்த சொல்லாக அது இப்போது இல்லை சார். பயன்பாடு நகர்ந்துவிட்டது. 1988-இல் கிளைக்கோபயாலஜி என்ற பெயர் புழக்கத்துக்கு வந்த பிறகு, செல்லில் சர்க்கரை என்ன வேலை செய்கிறது என்பதே மையக் கேள்வியாகிவிட்டது. புரதத்திலோ கொழுப்பிலோ ஒட்டியிருக்கும் சர்க்கரைப் பகுதி, அது இரண்டாக இருந்தாலும் இருநூறாக இருந்தாலும், கிளைக்கான். தனியாக மிதந்தாலும் கிளைக்கான். அளவு தெரிய வேண்டும் என்றால் ஆலிகோ, பாலி என்று பக்கத்தில் சேர்த்துச் சொல்லிக்கொள்கிறோம்.

நான் பயோசிமிலர், அதாவது ஏற்கெனவே உள்ள உயிரியல் மருந்துக்கு நிகரான மருந்து செய்கிற இடத்தில் தரப் பகுப்பாய்வில் இருக்கிறேன். தினமும் கையாளும் பொருள் இதுதான், அதனால் கொஞ்சம் விரிவாக எழுதுகிறேன்.

ஆன்டிபாடி மருந்து ஒன்று எங்களிடம் வரும். அதன் எஃப்சி பகுதியில் (ஒய் வடிவத்தின் தண்டு), இரண்டு கனச் சங்கிலியிலும் ஓர் ஆஸ்பராஜின் மேல் ஒவ்வொரு சர்க்கரைக் கொத்து. பிஎன்ஜிஏஸ் எஃப் என்ற நொதியைப் போட்டு 37 டிகிரியில் இரவு முழுக்க வைத்தால் அந்தக் கொத்து புரதத்திலிருந்து கழன்று வரும். சர்க்கரைக்குத் தானாக ஒளிரும் தன்மை இல்லை. அதனால் 2-ஏபி என்ற ஒளிரும் சாயத்தை அதன் ஒரு முனையில் மாட்டி, கலவையைப் பிரித்துக் காட்டும் ஹெச்பிஎல்சி கருவியில் ஏற்றுவோம். திரையில் மேடு மேடாக வரும். ஜி0எஃப், ஜி1எஃப், ஜி2எஃப். நடுவில் உள்ள எண், எத்தனை கேலக்டோஸ் என்பதைச் சொல்கிறது. எஃப் என்றால் அடியில் ஃப்யூகோஸ் இருக்கிறது. ஜி1எஃப் மட்டும் இரட்டை மேடாக வரும், ஏனென்றால் கொத்துக்கு இரண்டு கை, கேலக்டோஸ் எந்தக் கையில் ஏறியது என்பதைப் பொறுத்து மூலக்கூறே வேறு. முதன்முதலில் அந்த இரட்டை மேட்டைப் பார்க்கிறவர்கள் கருவியின் காலம் (column, பிரிக்கும் குழாய்) கெட்டுவிட்டது என்று நினைத்து அதை மாற்றப் போவார்கள். அது குழாயின் குறை இல்லை.

இந்தக் கொத்தில் மொத்தமே பத்துச் சர்க்கரை இருந்தால் அதிகம். ஆனால் ஃப்யூகோஸை எடுத்துவிட்டால் அந்த ஆன்டிபாடி புற்றுச் செல்லைக் கொல்லத் தூண்டும் திறன் பல மடங்கு ஏறும். இதை நாங்கள் ‘கிளைக்கான் ப்ரொஃபைல்’ என்கிறோம், மருந்துக் கட்டுப்பாட்டுத் துறைக்கு அனுப்பும் கோப்பிலும் அப்படியே எழுதுகிறோம். அங்கே ‘பாலிசாக்கரைடு’ என்று எழுதினால் கேள்வி வரும்.

எரித்ரோபாய்ட்டினும் அப்படித்தான். டயாலிசிஸ் செய்கிறவர்களுக்கு ரத்தம் ஊறப் போடும் ஊசி. எடையில் சுமார் 40 சதவீதம் சர்க்கரை. மூன்று இடத்தில் என்-இணைப்பு (புரதத்தின் நைட்ரஜன் வழியாக), ஓர் இடத்தில் ஓ-இணைப்பு (ஆக்சிஜன் வழியாக). அதன் நுனிகளில் சியாலிக் அமிலம் என்ற சர்க்கரை இருக்கும்வரை ரத்தத்தில் சுற்றும். அது உதிர்ந்து கேலக்டோஸ் வெளியே தெரிந்தால் கல்லீரல் பிடித்து உள்ளே இழுத்துவிடும். இதைப் புரிந்துகொண்டுதான் கூடுதலாக இரண்டு என்-கிளைக்கான் சேர்த்து டார்பெபாய்ட்டின் செய்தார்கள். அது உடலில் ஏறத்தாழ மூன்று மடங்கு நேரம் தங்கும், ஊசியின் எண்ணிக்கை குறையும்.

அரும்புமலர்

புரதக்கூடம் அண்ணா, மிக்க நன்றி. அப்படியே என் இரண்டாவது குழப்பம்: கிளைக்கோபுரோட்டீன், புரோட்டியோகிளைக்கான், பெப்டிடோகிளைக்கான். மூன்றிலும் சர்க்கரையும் புரதப் பொருளும் இருக்கின்றன. போன தேர்வில் எங்கள் வகுப்பில் பாதிப் பேர் இதில்தான் மதிப்பெண் இழந்தார்கள்.

கரிமம்12

கடைசிச் சொல்லைப் பார் அம்மா. அதுதான் தலை.

கிளைக்கோபுரோட்டீன்: தலை புரதம். அதில் சிறு சர்க்கரைக் கொத்துகள் ஒட்டியிருக்கின்றன. மேலே சொன்ன எரித்ரோபாய்ட்டின், ஆன்டிபாடி எல்லாம் இது.

புரோட்டியோகிளைக்கான்: தலை சர்க்கரை. நடுவில் ஒரு புரதத் தண்டு, அதிலிருந்து நீளமான கிளைக்கோசமினோகிளைக்கான் சங்கிலிகள் புறப்படும். எடையில் பெரும்பங்கு சர்க்கரைதான். மூட்டுக் குருத்தெலும்பில் உள்ள அக்ரிகான் நல்ல எடுத்துக்காட்டு. அதன் சங்கிலிகளில் சல்பேட்டும் கார்பாக்சிலேட்டும் நிறைந்திருப்பதால் எதிர் மின்னூட்டம் அதிகம், தண்ணீரை இழுத்து வைத்துக்கொள்ளும். முழங்கால் நம் எடையைத் தாங்குவதில் இதற்குப் பெரிய பங்கு உண்டு.

பெப்டிடோகிளைக்கான்: பாக்டீரியாவின் செல்சுவர். என்-அசிட்டைல்குளுக்கோசமினும் என்-அசிட்டைல்முராமிக் அமிலமும் மாறி மாறி வரும் சங்கிலிகள், அவற்றைச் சிறு பெப்டைடுகள் குறுக்கே கட்டுகின்றன. கண்ணீரில் உள்ள லைசோசைம் சர்க்கரைப் பிணைப்பை வெட்டுகிறது, பென்சிலின் குறுக்குக் கட்டு போடுவதைத் தடுக்கிறது. இரண்டும் ஒரே சுவரைத்தான் உடைக்கின்றன, ஆனால் இடம் வேறு. இதைத் தேர்வில் கட்டாயம் கேட்பார்கள்.

பழைய நூல்களில் மியூக்கோபாலிசாக்கரைடு என்று ஒன்றைப் பார்ப்பாய். அதுதான் இன்றைய கிளைக்கோசமினோகிளைக்கான். வேதியியலில் பழைய பெயர் போய்விட்டது, நோயின் பெயரில் மட்டும் தங்கிவிட்டது: மியூக்கோபாலிசாக்கரிடோசிஸ்.

மருந்தாளுநர்_கோவை

அந்தக் கிளைக்கோசமினோகிளைக்கான் குடும்பத்தில்தான் ஹெப்பாரினும் வருகிறது. பன்றிக் குடலின் உட்சவ்விலிருந்து எடுக்கிறார்கள். ரத்தம் உறையாமல் தடுப்பதில் முக்கியமான வேலையைச் செய்வது அந்த நீண்ட சங்கிலிக்குள் இருக்கும் ஐந்து சர்க்கரை கொண்ட ஒரு துண்டு. அதுதான் உறைதலைத் தடுக்கும் ஆன்டித்ராம்பின் என்ற ரத்தப் புரதத்தைப் பிடிக்கிறது. அந்த ஐந்தை மட்டும் ஆய்வகத்தில் செய்ததுதான் ஃபோன்டாபரினக்ஸ். ஆக ஹெப்பாரின் பாலிசாக்கரைடு, ஃபோன்டாபரினக்ஸ் பென்டாசாக்கரைடு. கரிமம்12 சாரின் அளவுக் கணக்கு இங்கே கச்சிதமாக உட்காருகிறது.

இன்னொரு விஷயம், இது எனக்கு இன்றும் கோபம் தருவது. 2008-இல் ஹெப்பாரினில் அளவுக்கு மீறிச் சல்பேட் ஏற்றிய காண்ட்ராய்ட்டின் கலந்து வந்தது. அமெரிக்காவில் நோயாளிகள் இறந்தார்கள். அதுவும் கிளைக்கோசமினோகிளைக்கான்தான், இதுவும் கிளைக்கோசமினோகிளைக்கான்தான். அன்று வழக்கத்தில் இருந்த சோதனைகளில் இரண்டுக்கும் வித்தியாசம் தெரியவில்லை, மூலக்கூறின் அமைப்பைக் காட்டும் என்எம்ஆர் வைத்துப் பார்த்தபோதுதான் பிடிபட்டது. வகைப்பெயரை மட்டும் எழுதிவிட்டு, எந்தச் சர்க்கரை, எந்தப் பிணைப்பு, எங்கே சல்பேட் என்று பார்க்காமல் விட்டால் என்ன ஆகும் என்பதற்கு இதைவிட என்ன சாட்சி வேண்டும்?

தென்கரை

இங்கே எழுதலாமா தெரியவில்லை. மண்டபம் பக்கம் பாசி எடுக்கும் குடும்பம். ஏஜென்ட்டுகள் வந்தால் ‘பாலிசாக்கரைடு எவ்வளவு’ என்று பேசிக்கொள்கிறார்கள். மரிக்கொழுந்துப் பாசிக்கு ஒரு விலை, கட்டக்கோரைக்கு ஒரு விலை. எல்லாப் பாசியிலும் ஒரே சத்துதானே இருக்கும்?

கரிமம்12

தாராளமாக எழுதுங்கள். ஒரே சத்து இல்லை. மரிக்கொழுந்தில் இருப்பது அகர், பெரும்பாலும் கேலக்டோஸால் ஆனது. சுடுநீரில் கரைந்து ஆறியதும் கட்டியாகும். நுண்ணுயிர் ஆய்வகங்களில் பாக்டீரியா வளர்க்க அதுதான் தளம், அதனால் விலை. கட்டக்கோரையில் இருப்பது அல்ஜினேட், யூரோனிக் அமிலங்களால் ஆனது. துணி அச்சுக்கும் மருந்துக்கும் போகும். கால்சியம் பட்டால் கட்டிக்கொள்ளும். உங்கள் கடலில் வளர்க்கிற கப்பாஃபைக்கஸில் காராஜீனன், அது சல்பேட் ஏறிய கேலக்டோஸ் சங்கிலி. மூன்றும் பாலிசாக்கரைடு, மூன்றும் வேறு வேறு சரக்கு. ஏஜென்ட்டிடம் பேசும்போது அகரின் அளவு என்ன, கட்டியின் உறுதி என்ன என்று குறிப்பாகக் கேளுங்கள்.

தாய்மை_மதுரை

நானும் ஒன்று கேட்கிறேன். அப்பாவுக்குச் சர்க்கரை நோய். சத்துமாவு டப்பாவில் ‘காம்ப்ளெக்ஸ் கார்போஹைட்ரேட்’ என்று பெரிதாகப் போட்டிருக்கிறது, பின்னால் மால்டோடெக்ஸ்ட்ரின் என்று இருக்கிறது. சர்க்கரை அளவு மிகக் குறைவு என்று அட்டவணை சொல்கிறது. கொடுக்கலாமா?

உணவியல்_நளபாகம்

அக்கா, அட்டவணையில் ‘சர்க்கரை’ என்ற வரிசையில் வருவது ஒற்றை, இரட்டைச் சர்க்கரைகள் மட்டும்தான். மால்டோடெக்ஸ்ட்ரின் என்பது ஸ்டார்ச்சை வெட்டிச் சிறிதாக்கியது. பெயரளவில் அது சங்கிலி, அதனால் அந்த வரிசையில் வராது. ஆனால் ஆல்ஃபா 1,4 பிணைப்பு நம் குடலில் சட்டென்று உடையும். ரத்தத்தில் குளுக்கோஸ் மாதிரியே வேகமாக ஏறும். அப்பாவுக்கு அதைச் சர்க்கரை என்றே கணக்கு வையுங்கள், எவ்வளவு என்பதை மருத்துவரிடம் கேட்டுக்கொள்ளுங்கள்.

ஓட்ஸில் உள்ள பீட்டா-குளுக்கானும் குளுக்கோஸால் ஆனதுதான். ஆனால் அதில் உள்ள பீட்டா பிணைப்பை உடைக்கும் நொதி நமக்கு இல்லை. அது கொழகொழவென்று குடலில் போய், உணவு உறிஞ்சப்படுவதையே மெதுவாக்கும். ஒரு நாளைக்கு 3 கிராம் என்ற அளவை வைத்து 1997-இல் அமெரிக்காவின் உணவு, மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பான எஃப்டிஏ இதயநலன் குறிப்புக்கு அனுமதி கொடுத்தது. அதே ஆண்டு ஐ.நா.வின் உணவு, வேளாண் அமைப்பான எஃப்ஏஓவும் உலகச் சுகாதார நிறுவனமும் கூட்டிய நிபுணர் குழு, ‘காம்ப்ளெக்ஸ் கார்போஹைட்ரேட்’ என்ற சொல்லையே பயன்படுத்த வேண்டாம் என்று பரிந்துரைத்தது. டப்பாக்காரர்கள் விட்டபாடில்லை.

ஆய்வக_விளக்கு

மருத்துவமனை லேபிலிருந்து ஒரு சந்தேகம். சர்க்கரை நோய்க்குப் பார்க்கும் ஹெச்பிஏ1சி ரிப்போர்ட்டில் சிலர் இன்னும் கிளைக்கோசிலேட்டட் ஹீமோகுளோபின் என்று அச்சடிக்கிறார்கள். அப்போது ஹீமோகுளோபின் மேல் ஒட்டிய குளுக்கோஸும் கிளைக்கானா?

புரதக்கூடம்

இல்லை. கிளைக்கோசிலேஷன் என்பது நொதி செய்வது, இடம் பார்த்து, வரிசை பார்த்து. ஹெச்பிஏ1சி-யில் நொதி எதுவும் இல்லை. ரத்தத்தில் குளுக்கோஸ் அதிகமாக இருக்க இருக்க, பீட்டா சங்கிலியின் முதல் வாலினில் தானாகவே ஒட்டிக்கொள்கிறது. அதன் பெயர் கிளைக்கேஷன். ரிப்போர்ட்டில் ‘கிளைக்கேட்டட்’ என்று இருப்பதே சரி. உங்கள் லேபில் மாற்றச் சொல்லுங்கள்.

செவிலி_தஞ்சை

தடுப்பூசிப் பெட்டியில் இரண்டு பெயர் பார்க்கிறேன்: டைபாய்டு பாலிசாக்கரைடு, டைபாய்டு கான்ஜுகேட். தாய்மார்கள் என்ன வித்தியாசம் என்று கேட்கிறார்கள்.

புரதக்கூடம்

டைபாய்டு கிருமியின் மேலுறை, விஐ என்று பெயர், ஒரு நீண்ட சர்க்கரைச் சங்கிலி. அதை மட்டும் எடுத்துப் போடுவது பாலிசாக்கரைடு ஊசி. இரண்டு வயதுக்குள் இருக்கும் குழந்தையின் உடல் தனிச் சர்க்கரையைச் சரியாக அடையாளம் காணாது, டி செல் என்ற நோயெதிர்ப்பு அணுவின் உதவியும் கிடைக்காது, நினைவும் தங்காது. அதே சங்கிலியை டெட்டனஸ் டாக்சாய்டு போன்ற ஒரு புரதத்தோடு கட்டிவிட்டால் டி செல் உள்ளே வரும், கைக்குழந்தைக்கும் வேலை செய்யும். அதுதான் கான்ஜுகேட். 2018-இல் உலகச் சுகாதார நிறுவனம் ஆறு மாதக் குழந்தை முதலே இதைப் பரிந்துரைத்தது.

அரும்புமலர், இந்த ஓர் இடத்தில் சாரும் நானும் சண்டையே போட மாட்டோம் பார். விஐ சங்கிலி அளவிலும் பாலிசாக்கரைடு, புரதத்தில் கட்டியதும் உயிரியல் அர்த்தத்திலும் கிளைக்கான்.

அரும்புமலர்

எல்லோருக்கும் நன்றி. முதல் ஸ்லைடை இப்படி வைத்திருக்கிறேன்: “பாலிசாக்கரைடு என்பது அளவைக் குறிக்கும் சொல், பத்துக்கு மேற்பட்ட சர்க்கரைகள். கிளைக்கான் என்ற சொல் ஐயூபாக் வழக்கில் அதற்கு இணை. கிளைக்கோபயாலஜி வழக்கில், தனித்தோ புரதம், கொழுப்புடன் பிணைந்தோ இருக்கும் எந்தச் சர்க்கரைத் தொகுதியும். இந்தச் செமினாரில் இரண்டாவது பொருளில் பயன்படுத்துகிறேன்.” இரண்டாவது ஸ்லைடில் ஏ, பி, ஹெச் படம். மூன்றாவதில் ஜி1எஃப்-இன் இரட்டை மேடு.

ஒரே ஒரு கேள்வி பாக்கி. உட்கருப் புரதங்களில் என்-அசிட்டைல்குளுக்கோசமின் ஒன்றே ஒன்று மட்டும் ஓ-இணைப்பாக ஒட்டியிருக்கிறதாமே, அதுவும் கிளைக்கானா? ‘தொகுதி’ என்று எழுதிவிட்டேனே.

புரதக்கூடம்

கிளைக்கான்தான். நொதி வைத்து ஒட்டுகிறது, நொதி வைத்தே எடுக்கிறது, செல் அதைப் பார்த்துத் தன் வேலையை மாற்றிக்கொள்கிறது. “எந்தச் சர்க்கரையும் அல்லது சர்க்கரைத் தொகுதியும்” என்று திருத்திவிடு. அப்புறம் படத்தில் நிறங்களைச் சரிபார்: குளுக்கோஸ் நீல வட்டம், கேலக்டோஸ் மஞ்சள் வட்டம், என்-அசிட்டைல்கேலக்டோசமின் மஞ்சள் சதுரம், ஃப்யூகோஸ் சிவப்பு முக்கோணம். ஏ பிரிவின் நுனியில் சதுரம், பி பிரிவின் நுனியில் வட்டம். அதை மாற்றிப் போட்டால் குருதிமுனை விட மாட்டார்.

கரிமம்12

ஒற்றைச் சர்க்கரையைக் கிளைக்கான் என்று நான் எழுத மாட்டேன், மோனோசாக்கரைடு எச்சம் என்றுதான் எழுதுவேன். ஆனால் எந்தப் பொருளில் எடுத்துக்கொள்கிறாய் என்று முதல் ஸ்லைடிலேயே சொல்லிவிட்டதால் உன் வாதத்தில் ஓட்டை இல்லை அம்மா. உங்கள் மேடம் கேட்டால் இரண்டு வழக்கையும் சொல், ஐயூபாக்கை முதலில் சொல்.